வாளியோடு பதினான்கு குரோன்

கூட்டுப்பண்ணையைக் கலைத்த வசந்தத்தில்
எம்மாஸ்தேயில் எல்லாவற்றையும் எடை போட்டு விற்றார்கள்:
பால் கேன்கள், டிராக்டரின் பற்சக்கரங்கள்,
தலைவர் உட்கார்ந்த நாற்காலி.
உலைக்கூடத்து மூலையில் ஒரு வாளி கிடந்தது.
வாளியோடு பதினான்கு குரோன் என்றாள்
ரசீது எழுதிய மைமு.
உள்ளே என்ன என்று அவள் கேட்கவில்லை,
நான் சொல்லவும் இல்லை.

சைக்கிளில் வீடு வரும்வரை
வாளி முணுமுணுத்துக்கொண்டே வந்தது.

மூன்று நாள் வினிகரில் ஊறப்போட்டு
நான்காம் நாள் மேசையில் பரப்பினேன்.
சூட்டில் வெட்டும் உளிக்கு மெல்லிய கழுத்து,
மூன்று அடிக்கு ஒருமுறை தண்ணீர் கேட்கும்.
ஆறிய இரும்பை வெட்டுவது தடித்தது,
எதுவும் கேட்காது.
மாற்றி எடுத்தால் இரும்பு குறை சொல்லாது;
உளியின் வாய்தான் மடிந்துபோகும்.

மொண்ணை வாய்க் கருவிகள் நான்கு.
கூரானவை பிரிக்கும், இவை நகர்த்தும்.
மஞ்சள் சூட்டில் வைத்து ஓர் அடி கொடுத்தால்
வெண்ணெயில் விரல் பதித்ததுபோல்
இரும்பு இருபுறமும் ஒதுங்கி வழிவிடும்.
வெறும் சுத்தியலால் கோடாலிக் கழுத்தை ஒடுக்கப் பார்த்து
ஒரு குளிர்காலத்தை வீணாக்கியவள் சொல்கிறேன்.

அப்புறம் பிடிகள்.
மேலே வைத்து அடி வாங்கும் கருவிக்கு
ஆப்பு இறுக்கிய பிடி ஆகாது.
யாரோ பச்சைக் கழியை இரண்டு சுற்றுச் சுற்றி
தளர்வாகவே விட்டிருந்தார்.
சம்மட்டி இறங்கும்போது கொஞ்சம் ஆட வேண்டும்.
ஆடாவிட்டால் அதிர்ச்சி
முழங்கையில் வந்து குடியேறும்.

ஓர் அச்சு மட்டும் பிடிபடவில்லை.
உருட்டுக் கம்பிக்கு என்றால் குழியில் ஆழம் போதாது.
பட்டைக் கம்பிக்கு என்றால் அந்த விளிம்பு எதற்கு?
என் மகனின் களிமண்ணை எடுத்து
குழிக்குள் அழுத்திப் பார்த்தேன்.
காது போல ஒன்று வந்தது.
குதிரைக் காதா, கெண்டியின் காதா,
தெரியவில்லை.

வாம்போலாவைக் கூப்பிட்டேன்,
பண்ணை உலையில் பதினோரு வருடம் வேலை செய்தவர்.
களிமண் காதை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்து
தெரியாது என்றார்.
பிறகு கேட்காமலே வாளிக்குள் கையை விட்டார்,
மூன்று விரல் கையை.

வெளியே வந்தது நிறுத்தி வெட்டும் உளி.
பட்டடையின் சதுரத் துளையில் வாலைச் செருகினால்
வாய் மேல்நோக்கி நிற்குமே, அது.

"இதுதான்" என்றார்.

எது என்று கேட்க வாய் திறந்தேன்,
அவர் கையைப் பார்த்து மூடிக்கொண்டேன்.

"வெட்டினதும் எடுத்திருக்கணும்.
ஒரு கம்பிதானே, அதையும் நேராக்கிவிட்டு
எடுக்கலாம்னு விட்டேன்.
சுத்தியலை ஓங்கினதும் நான்தான்.
கம்பி உருண்டது.
கை அது பாட்டுக்கு இறங்கிட்டுது."

கடலில் போட்டுவிடவா என்றேன்.
சிரித்தார், என்னைப் பார்த்து அல்ல.
கட்டைவிரலால் அதன் வாயைக் குறுக்காக வருடினார்,
கன்றுக்குட்டியின் பல்லைப் பார்ப்பவர்போல.
"ரயில் பெட்டியின் வில்லில் அடித்தது.
இந்த மாதிரி எஃகு உனக்கு எங்கே கிடைக்கும்?
முனை மழுங்கியிருக்கு, தீட்டிக்கோ."

காபிக்கு இரண்டு சர்க்கரை கேட்டார்.
மழை விட்டதும் போனார்.

தீட்டிக்கொண்டேன்.
இன்றும் அதில்தான் வெட்டுகிறேன்.
கடைசி அடியை முழுதாக அடிப்பதில்லை;
நூலளவு மிச்சம் வைத்து
பட்டடை விளிம்பில் ஒடித்துக்கொள்வேன்.
அதன்பின் உலையில் எது எரிந்தாலும் எரியட்டும்,
வாசலில் யார் நின்றாலும் நிற்கட்டும்,
முதலில் உளி துளையைவிட்டு வெளியே வரும்.

எடுத்த பிறகும் துளையைத் தொட்டுப் பார்க்கிறேன்.
ஒரு நாள் சுண்டுவிரலால்,
ஒரு நாள் மோதிர விரலால்.

அந்தக் காது அச்சு
இப்போது கதவுக்கு முட்டு.
மேற்கே கடற்காற்று எழும்பும் நாள்களில்
அதைத் தவிர வேறெதுவும்
கதவைப் பிடித்து நிறுத்துவதில்லை.